ழகரம் பிறக்கும் வாய்

கிண்டி மடுவின்கரையில் எங்கள் வீட்டு மாடிக்கு மாலை ஆறு மணிக்கு ஐந்தாறு பிள்ளைகள் படிக்க வருகிறார்கள். அவர்களில் எட்டாம் வகுப்புப் பெண் ஒருத்தி போன வாரம் ‘எழுத்துகளின் பிறப்பு’ பாடத்தை மூச்சு விடாமல் ஒப்பித்தாள். நாக்கின் நுனி மேல்வாயை வருடுவதால் ரகரமும் ழகரமும் பிறக்கும் என்ற இடத்தில்கூட ஒரு சொல் பிசகவில்லை. முடித்த கையோடு, “மிஸ், கீய போய் தண்ணி குடிச்சிட்டு வரட்டா?” என்றாள்.

கீழே என்பது அவள் வாயில் ‘கீய’. மூன்று மதிப்பெண் கேள்விக்கு விடை சுத்தமாக இருக்கிறது. அந்த விடை சொல்கிற ஒலி மட்டும் அவள் வாயில் பிறக்கவில்லை. பிறப்பு இலக்கணத்தை நாம் கற்பிக்கும் முறையின் பலமும் பழுதும் அந்த இரண்டு நிமிடத்தில் அடங்கியிருந்தன.

பலத்தை முதலில் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் அது பெரியது. தொல்காப்பியத்தின் எழுத்ததிகாரத்தில் மூன்றாவது இயல் பிறப்பியல். உந்தியிலிருந்து எழும் காற்று தலை, மிடறு, நெஞ்சு ஆகிய இடங்களில் நிலைபெற்று, பல், இதழ், நாக்கு, மூக்கு, அண்ணம் ஆகியவற்றின் செயலால் வெவ்வேறு எழுத்தாகிறது என்கிறது அது. நாக்கின் அடி அண்ணத்தைத் தொட்டால் ககரம், இடை தொட்டால் சகரம், நுனி தொட்டால் டகரம் என்று வாயின் பின்னாலிருந்து முன்னால் வருகிறது வரிசை. இன்றைய ஒலியியல் புத்தகமும் நாக்கு படும் இடத்தை வைத்துத்தான் ஒலிகளை வரிசைப்படுத்தும். ஒலியை அளக்கும் கருவி இல்லாத காலத்தில், தன் நாக்கு எங்கே படுகிறது என்பதை உணர்வால் மட்டுமே அறிந்து ஒருவர் இதை எழுதியிருக்கிறார். 13ஆம் நூற்றாண்டில் பவணந்தி முனிவர் நன்னூலில் இதையே இடப்பிறப்பு, முயற்சிப் பிறப்பு என்று இரண்டாகப் பிரித்துச் சுருக்கினார். இன்றைய பள்ளிப் பாடம் நன்னூலின் வழியில் போகிறது.

டண்ணகரம், தந்நகரம், றன்னகரம் என்ற பழைய பெயர்களும் அந்த அறிவின் பிள்ளைகளே. நண்டு என்று சொல்லும்போது ணகரத்துக்காகப் போன நாக்கு இடம் மாறாமலே டகரத்தையும் முடித்துவிடுகிறது. பந்து, கன்று எல்லாம் அப்படித்தான். எந்த எழுத்து எந்த எழுத்தோடு ஒரே இடத்தில் பிறக்கிறது என்பதைப் பெயரிலேயே பொதித்து வைத்திருக்கிறார்கள். நாமோ ‘மூணு சுழி ண’, ‘ரெண்டு சுழி ன’ என்று எழுதும் கையின் பக்கம் போய்விட்டோம். சுழியை எண்ணிப் பழகிய பிள்ளைக்கு நாக்கைப் பற்றி நினைக்க ஒரு காரணமும் இல்லை.

மனப்பாடத்தை நான் மொத்தமாகக் குறை சொல்ல மாட்டேன். நூற்பா என்பது தலையில் தூக்கிக்கொண்டு போக வசதியான கருவி. ஆனால் கருவியை எடுத்துப் பார்க்கிற வேலை நடக்க வேண்டும். அன்று தண்ணீர் குடித்துவிட்டு வந்தவளை உட்காரவைத்து, கேக் செய்ய வாங்கியிருந்த கோகோ தூளை இரண்டு சொட்டு எண்ணெயில் குழைத்து அவள் நாக்கின் நுனியிலும் ஓரங்களிலும் தடவினேன். “அள” என்று ஒரே ஒரு முறை சொல்லச் சொன்னேன். பிறகு வாயைத் திறக்கவைத்து, செல்போன் வெளிச்சத்தில், சின்னக் கண்ணாடியைச் சாய்த்துக் காட்டினேன். மேல்வாயில், பல்லுக்குச் சற்று உள்ளே தள்ளி, பழுப்பாக ஒரு திட்டு. வாய் கொப்பளித்து, மறுபடி தடவி, “அல”. இந்த முறை திட்டு பல்லின் அடியை ஒட்டி வந்துவிட்டது. பிறகு நான் தடவிக்கொண்டு “அழ” என்று சொல்லிக் காட்டினேன். நடுவில் கறையே இல்லை. இரண்டு பக்கமும் கடைவாய்ப் பல்லோரம் மட்டும் லேசான தீற்றல். “மிஸ், உங்களுக்கு ஒட்டவே இல்ல!” என்று கத்தினாள். மொழி ஆய்வுக்கூடங்களில் நெடுங்காலமாகச் செய்துவரும் சோதனை இது. சமையலறையிலும் நடக்கும்.

இங்கேதான் நூற்பாவின் பழுதும் தெரிகிறது. ரகரத்துக்கும் ழகரத்துக்கும் ஒரே விதி. நாக்கு நுனி அண்ணத்தை வருடுகிறது, அவ்வளவுதான். ரகரத்தில் நுனி பல்லுக்குப் பின்னுள்ள மேட்டை ஒரு தட்டுத் தட்டிவிட்டு இறங்குகிறது. ழகரத்தில் நுனி மேலேறிப் பின்வாங்கி, தொடாமல் நிற்கிறது. வருடுதல் என்ற ஒரே சொல்லால் இரண்டையும் கட்டியதால், ஏற்கெனவே ழகரம் வருகிறவருக்கு விதி சரியாகப் படும். வராதவருக்கு அதைக்கொண்டு அந்த ஒலியை உண்டாக்க முடியாது.

லகர ளகர விதியிலும் ஒரு விடுபடல் உண்டு. நாக்கின் விளிம்பு தடித்து மேலே பொருந்துவதைச் சொல்கிறது. காற்று எந்த வழியாக வெளியேறுகிறது என்று சொல்லவில்லை. லகரத்துக்கு நாக்கை வைத்துக்கொண்டு மூச்சை உள்ளே இழுத்துப் பாருங்கள். நாக்கின் பக்கவாட்டில் சில்லென்று படும். வழி அங்கேதான் இருக்கிறது.

இடப்பிறப்பு இன்னும் சிக்கலானது. மெல்லினம் மூக்கில் பிறக்கும் என்பதை எந்தப் பிள்ளையும் சோதிக்கலாம்: மகரத்தை இழுத்துச் சொல்லிக்கொண்டே மூக்கைப் பொத்தினால் ஒலி நின்றுவிடும். வல்லினம் மார்பில் பிறக்கும் என்பது அப்படிச் சோதனைக்கு நிற்பதில்லை. மார்பில் கை வைத்துப் பார்த்தால் ‘பக்கம்’ என்பதன் ககரத்தைவிட ‘ஆ’தான் நன்றாக அதிர்கிறது. அடைப்புக்குப் பின்னால் காற்று முட்டிக்கொண்டு நிற்கும் அழுத்தத்தை அவர்கள் மார்பில் உணர்ந்திருக்கக்கூடும் என்பது என் ஊகம். குரல்வளையில் விரல் வைத்தால் இன்னொன்று புரியும். ‘பங்கு’ என்பதில் அதிர்வு அறுபடுவதில்லை. ‘பக்கம்’ என்பதில் நடுவே அறுபடுகிறது. ஒரே ககரம் இடத்துக்கு ஏற்ப மூன்று நான்கு விதமாக ஒலிக்கிறது. தமிழை வாசிக்கக் கணினிக்குக் கற்றுத் தருகிறவர்கள் முதலில் எழுத வேண்டிய விதி இதுதான். பிறப்பு இலக்கணத்தில் இதற்கு இடமில்லை.

தொல்காப்பியர் தம் எல்லையை அறிந்தே இருந்தார். உள்ளே காற்று எழுந்து திரியும் கணக்கு அந்தணர் மறையில் உள்ளது, புறத்தே கேட்கும் ஒலியை மட்டுமே நான் கூறினேன் என்ற பொருளில்தான் அந்த இயலை முடிக்கிறார். நம் வகுப்பறைக்கு அந்த அடக்கம் வந்து சேரவில்லை. இங்கே விதி முற்றுப்பெற்ற உண்மையாக, கேள்வி கேட்க முடியாததாக நிற்கிறது.

சர்தார் படேல் சாலையில் இருக்கும் கிண்டி பொறியியல் கல்லூரியில் படித்த ஸ்ரீகாந்த் நாராயணன், பின்னர் அமெரிக்காவில் பேச்சொலி ஆய்வாளரானார். 1999இல் டானி பேர்ட், அபிகேல் கான் ஆகியோருடன் அவர் வெளியிட்ட ஆய்வு ர, ற, ல, ள, ழ ஆகிய ஐந்து ஒலிகளை எடுத்துக்கொண்டது. எம்.ஆர்.ஐ. படத்தாலும் நாக்கின் அசைவைத் தொடரும் காந்தக் கருவியாலும் அவற்றை அளந்தார்கள். பிறப்பியல் தொட்ட அதே ஐந்து ஒலிகள். நாக்கின் நுனி எங்கே போகிறது என்பதோடு, அதன் பின்பகுதி எப்படி உருமாறுகிறது என்பதையும் அந்தப் படங்கள் காட்டின. பழைய விதியில் இல்லாத பாதி அது. பாடப்புத்தகத்தில் நூற்பாவின் பக்கத்தில் அப்படி ஒரு படம் இருந்தால் என்ன குறைந்துவிடும்?

இனி ‘கீய’வுக்கு வருகிறேன். நான் படித்த பள்ளியில், பேச்சுப் போட்டிக்கு நின்ற ஒரு பையனை ‘நாக்கு தடிச்சுப் போச்சா?’ என்று எல்லார் முன்னிலும் கேட்டு இறக்கிவிட்டார்கள். ‘வாயப்பயம்’ என்று சொன்னதுதான் குற்றம். அது சோம்பல் என்றே நானும் வெகுநாள் நம்பினேன். கோகோ கறையைப் பார்த்த பிறகு நம்ப முடியவில்லை. ழகரத்தில் இரண்டு வேலை இருக்கிறது: நுனி பின்னால் வளைய வேண்டும், ஆனால் தொடக் கூடாது. தென்மாவட்டங்களில் ‘வாளப்பளம்’ என்கிறவர்கள் வளைவைக் காப்பாற்றிக்கொண்டு தொட்டுவிடுகிறார்கள். சென்னைக்காரர்கள் தொடாமையைக் காப்பாற்றிக்கொண்டு வளைவை விட்டுவிடுகிறார்கள். யகரத்திலும் நாக்கு அண்ணத்தை நெருங்கித் தொடாமல்தானே நிற்கிறது. ஆளுக்குப் பாதி கைவசம் இருக்கிறது. இரண்டு வட்டாரத்துக்கும் ‘நாக்கைப் புரட்டு’ என்று ஒரே கட்டளையைக் கொடுப்பது எப்படிப் பலிக்கும்? தெற்கத்திப் பிள்ளைக்குச் சொல்ல வேண்டியது ‘தொடாதே’. சென்னைப் பிள்ளைக்குச் சொல்ல வேண்டியது ‘நுனியை மட்டும் தூக்கு’. இதைச் சொல்லித்தர ஆசிரியர் நூற்பாவைத் தாண்டி அந்தப் பிள்ளையின் வாயைப் பார்த்தாக வேண்டும். நாற்பது பேர் இருக்கும் வகுப்பில் அது எளிதில்லை என்பது எனக்குத் தெரியும். ஆனாலும் ஒரு கண்ணாடியும் ஒரு பாட வேளையும் கிடைத்தால் பாதிப் பிள்ளைகளாவது தங்களைத் தாங்களே பார்த்துக்கொள்வார்கள்.

அன்று அந்தப் பெண்ணிடம் ‘யா’ என்று இழுக்கச் சொல்லி, இழுப்பின் நடுவிலேயே நுனியை மெல்லத் தூக்கச் சொன்னேன். ஏழெட்டு முறை காற்றுதான் வந்தது. பிறகு ஒருமுறை, நடுவில் எங்கோ, ழகரம் போல ஒன்று வந்து போயிற்று. அவளே திடுக்கிட்டு நிறுத்திவிட்டாள்.

மறுநாள் ஆறு மணிக்கு முன்னாலேயே வந்து நின்றாள். “மிஸ், அப்பாவையும் கோகோ தடவிச் சொல்ல வெச்சேன். அப்பாவுக்கும் நடுவுல ஒட்டல. ஆனா நுனி கீயவே இருக்குது.” ‘கீய’ என்றதும் நின்று, உதட்டை மூடி உள்ளுக்குள் நாக்கை எங்கோ வைத்துப் பார்த்துவிட்டு, மறுபடி தொடங்கினாள்.