ஊர் திரட்டிய படை: அமெரிக்க உள்நாட்டுப் போரின் தன்னார்வ ரெஜிமென்ட்டுகளும் அவற்றை எழுதிய வரலாறும்

1861 ஏப்ரலில் சம்ட்டர் கோட்டை மீது தெற்கின் பீரங்கிகள் முழங்கியபோது அமெரிக்காவின் நிரந்தர ராணுவத்தில் ஏறத்தாழ 16,000 பேர்தான் இருந்தார்கள். அவர்களிலும் பெரும்பாலோர் மேற்கு எல்லைக் காவல் நிலைகளில் சிதறிக் கிடந்தார்கள். அடுத்த நான்கு ஆண்டுகளில் வடக்கின் தரப்பில் மட்டும் சுமார் 20 லட்சம் பேர் சீருடை அணிந்தார்கள். இவர்களில் கட்டாய ஆள்சேர்ப்பில் நேரடியாகச் சிக்கியவர்கள் சுமார் 46,000 பேர். பணம் வாங்கிக்கொண்டு இன்னொருவருக்குப் பதிலாகப் போனவர்கள் சுமார் 1,18,000 பேர். மற்றவர்கள் எல்லோரும் தாமாக முன்வந்தவர்கள் என்கிறது அரசாங்கக் கணக்கு. ஏன் வந்தார்கள், வந்தபின் ஏன் ஓடிப்போகாமல் நின்றார்கள் என்ற இரண்டு கேள்விகளையும் நூற்று முப்பது ஆண்டுகளுக்கும் மேலாக வரலாற்றாசிரியர்கள் விடாமல் கேட்டு வருகிறார்கள்.

படை எப்படித் திரண்டது?

அதிபர் லிங்கன் ஏப்ரல் 15 அன்று 75,000 பேரை மூன்று மாதச் சேவைக்கு அழைத்தார். போர் அதற்குள் முடியாது என்பது தெரிந்ததும், ஜூலையில் 5 லட்சம் தன்னார்வ வீரர்களைத் திரட்ட நாடாளுமன்றம் ஒப்புதல் தந்தது. இவ்வளவு பேரைச் சேர்க்க மத்திய அரசிடம் ஆளோ அலுவலகமோ கிடையாது. பொறுப்பு மாநில ஆளுநர்களிடம் போனது, அவர்கள் வழியாக ஊர்ப் பெரிய மனிதர்களிடம் வந்து சேர்ந்தது. ஒரு வக்கீலோ பள்ளி ஆசிரியரோ உள்ளூர் அரசியல்வாதியோ கூட்டம் போட்டுப் பேசுவார். ஏறத்தாழ நூறு பேர் பெயர் கொடுத்தால் ஒரு கம்பெனி. பத்துக் கம்பெனி சேர்ந்தால் ஒரு ரெஜிமென்ட். கேப்டனையும் லெப்டினன்ட்டையும் பெரும்பாலும் வீரர்களே ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுத்தார்கள். கர்னலை ஆளுநர் நியமித்தார்.

அதனால் அண்ணன் தம்பி, மாமன் மச்சான், ஒரே வகுப்பில் படித்தவர்கள் என எல்லோரும் ஒரே வரிசையில் நின்றார்கள். களத்தில் ஒருவன் பின்வாங்கினால் பக்கத்தில் நின்றவன் எழுதும் கடிதத்தில் அந்தச் செய்தி ஊருக்குப் போய்விடும். இந்த ஏற்பாட்டின் பலம் இதுதான். விலையும் இதிலேயே இருந்தது. 1864 ஜூன் 18 அன்று வர்ஜீனியாவின் பீட்டர்ஸ்பர்க்கில் முதலாம் மெய்ன் கனரகப் பீரங்கி ரெஜிமென்ட் காலாட்படையாகத் திறந்தவெளியில் பாய்ந்தது. போனவர்கள் சுமார் 900. சில நிமிடங்களில் விழுந்தவர்கள் 600க்கும் மேல். பலர் மெய்ன் மாநிலத்தின் பெனோப்ஸ்காட் பள்ளத்தாக்கைச் சேர்ந்தவர்கள். ஒரே நாளில் ஒரு வட்டாரமே இழவு வீடானது.

ஆள் குறைந்த பழைய ரெஜிமென்ட்டுகளை நிரப்புவதைவிடப் புதியவற்றைத் தொடங்குவதையே பல ஆளுநர்கள் விரும்பினார்கள். புதிய ரெஜிமென்ட் என்றால் வேண்டியவர்களுக்குக் கொடுக்கப் புதிய பதவிகள். விஸ்கான்சின் மாநிலம் பழையவற்றையே நிரப்பி வந்தது. அதனால் ஒரு விஸ்கான்சின் ரெஜிமென்ட்டை, பல ரெஜிமென்ட்டுகள் சேர்ந்த சாதாரணப் பிரிகேட் ஒன்றுக்குச் சமமாகக் கருதியதாக வடக்கின் ஜெனரல் ஷெர்மன் தம் நினைவுக் குறிப்பில் பதிவு செய்திருக்கிறார்.

தெற்கிலும் தொடக்கம் இப்படித்தான். ஆனால் 1862 ஏப்ரலில் அங்கே கட்டாயச் சேவைச் சட்டம் வந்தது. ஓராண்டுக்கென்று கையெழுத்திட்டவர்களின் காலத்தையும் அது மூன்றாண்டாக நீட்டியது. விரும்பி வந்தவனுக்குத் திரும்பிப் போகும் உரிமை இல்லாமல் போனது. அதே ஆண்டு இறுதிக்குள் இருபது அடிமைகள் உள்ள தோட்டத்துக்கு ஒரு வெள்ளையருக்கு விலக்கு என்ற விதியும் வந்தபோது, இது பணக்காரன் போர், ஏழையின் சண்டை என்ற முணுமுணுப்பு எழுந்தது. மூன்றாண்டு முடிந்தவர்களை வடக்கு வேறு வழியில் பிடித்து வைத்தது: 400 டாலர் ஊக்கத்தொகை, 30 நாள் விடுப்பு, முக்கால் பங்கினர் மறுபடி சேர்ந்தால் ரெஜிமென்ட்டின் பெயர் நிலைக்கும் என்ற வாக்குறுதி. சுமார் 1,36,000 பேர் மீண்டும் கையெழுத்திட்டார்கள். பணத்தோடு சேர்த்து ஒரு பெயரையும் காட்டி ஆள் பிடிக்க முடிந்தது என்றால், மூன்று ஆண்டுகளில் அந்தப் பெயருக்கு எவ்வளவு மதிப்பு ஏறியிருக்க வேண்டும்!

முதியவர்கள் எழுதிய வரலாறு

இந்தத் துறையின் முதல் ஆசிரியர்கள் போரிட்டவர்களே. 1866இல் தொடங்கிய வடக்கின் முன்னாள் வீரர் சங்கமான குடியரசின் மாபெரும் படை, 1890 வாக்கில் 4 லட்சம் உறுப்பினர்களைக் கொண்டிருந்தது. ரெஜிமென்ட் வரலாறுகள் இந்தக் காலத்தில்தான் குவிந்தன. 107ஆம் நியூயார்க் ரெஜிமென்ட்டில் பணியாற்றிய வில்லியம் ஃபாக்ஸ் 1889இல் இழப்புப் பட்டியல் ஒன்றை வெளியிட்டு, முந்நூறு ரெஜிமென்ட்டுகளைச் ‘சண்டை ரெஜிமென்ட்’ எனத் தனியே பிரித்தார். காலாட்படையில் முதலிடம் ஐந்தாம் நியூ ஹாம்ப்ஷயருக்கு: களத்தில் மாண்டவர்கள் 295. 1908இல் ஃப்ரெடரிக் டையர் எல்லா வடக்கு ரெஜிமென்ட்டுகளின் பயணத்தையும் ஒரே தொகுப்பில் அடக்கினார். இருவரின் உழைப்பும் இன்றும் கையேடாகப் பயன்படுகிறது. ஆனால் ஃபாக்ஸின் அளவுகோல் போர்க்களச் சாவு. அந்தப் போரில் இறந்தவர்களில் ஏறத்தாழ மூன்றில் இரு பங்கினரைக் கொன்றவை வயிற்றுப்போக்கு, காய்ச்சல் போன்ற நோய்கள். அந்தச் சாவுகளுக்கு இந்தப் பெருமைப் பட்டியலில் மதிப்பெண் இல்லை.

கடிதங்களின் காலம்

பெல் வைலி 1943இல் தெற்கு வீரனைப் பற்றியும் 1952இல் வடக்கு வீரனைப் பற்றியும் எழுதிய இரு நூல்கள், தளபதிகளை விட்டுச் சிப்பாயின் சோற்றுக்கும் பேனுக்கும் பாட்டுக்கும் வந்தன. சாதாரண வீரன் கொள்கையைப் பற்றி அதிகம் யோசிக்கவில்லை என்பது வைலியின் முடிவு. ஜெரால்ட் லிண்டர்மன் 1987இல், 1861இன் வீர லட்சியம் போரின் கொடுமையில் தேய்ந்து போனது என்றார்.

இதை மறுத்தவர் ஜேம்ஸ் மெக்ஃபர்சன். 1,076 வீரர்களின் சுமார் 25,000 கடிதங்களையும் நாட்குறிப்புகளையும் படித்து, 1997இல் வெளியிட்ட நூலில் கொள்கைப் பிடிப்பு கடைசிவரை இருந்தது எனக் காட்டினார். சந்திரா மானிங் 2007இல், அடிமைமுறை ஒழிய வேண்டும் என்ற முடிவுக்கு வடக்கு வீரர்கள் மிக முன்னதாகவே வந்துவிட்டார்கள் என்று வாதிட்டார். ரெஜிமென்ட்டுகள் முகாமிலேயே அச்சிட்ட செய்தித்தாள்களும் அவருக்குச் சான்றாயின. இல்லை, நாட்டின் ஒற்றுமையே முதல் காரணம் என்று 2011இல் கேரி கல்லகர் எதிர்வாதம் வைத்தார். வில்லியம் மார்வெல் 2018இல் எல்லோரையும் தரைக்கு இறக்கினார்: கையில் காசில்லாத வீட்டுப் பிள்ளைகளே அதிகம் சேர்ந்தார்கள் என்பது அவர் கட்சி.

கடிதத்தை நம்பும் ஆய்வுக்கு ஒரு வரம்பு உண்டு. எழுதத் தெரிந்தவன்தான் அதில் பேசுவான். தம் மாதிரியில் அதிகாரிகளும் ஆரம்பத்தில் சேர்ந்தவர்களும் அதிகம், கறுப்பின வீரர்களும் குடியேறிகளும் குறைவு என்பதை மெக்ஃபர்சனே ஒப்புக்கொண்டிருக்கிறார். டோரா கோஸ்டா, மேத்யூ கான் என்ற இரு பொருளியலாளர்கள் 2008இல் வேறு வழியில் போனார்கள். பல்லாயிரம் வடக்கு வீரர்களின் சேவைப் பதிவுகளை அலசி, ஒரே ஊர், ஒரே தொழில், ஒத்த வயது என்று அமைந்த கம்பெனிகளில் ஓடிப்போனவர்கள் குறைவு என்று கணக்கில் காட்டினார்கள். ஊர்க்காரன் பக்கத்தில் நின்றதே பலம் என்பதைப் பதிவேடும் உறுதிப்படுத்தியது.

தோற்ற ரெஜிமென்ட்டின் கதை

இந்தத் துறையில் அண்மையில் வந்தவற்றுள் எனக்கு முக்கியமாகப் படுவது லெஸ்லி கோர்டன் 2014இல் எழுதிய 16ஆம் கனெக்டிகட்டின் வரலாறு. 1862 ஆகஸ்ட்டில் திரண்ட இந்த ரெஜிமென்ட், முதன்முதலாகத் துப்பாக்கியில் குண்டு நிரப்பிப் பார்த்தது மேரிலாந்தில் நடந்த ஆன்டீட்டம் சண்டைக்கு முதல் நாள். செப்டம்பர் 17 பிற்பகலில் சோளக்காட்டுக்குள் நின்றவர்கள் மீது பக்கவாட்டிலிருந்து தாக்குதல் வந்தது. வரிசை உடைந்து ஓடினார்கள். 1864 ஏப்ரலில் வட கரோலினாவின் பிளைமவுத்தில் ஏறத்தாழ மொத்தமாகச் சரணடைந்து, பெரும்பாலோர் தெற்கின் ஆண்டர்சன்வில் சிறைமுகாமுக்குப் போனார்கள். பிடிபடும் முன் கொடியைத் துண்டு துண்டாகக் கிழித்து ஆளுக்கொரு துண்டை மறைத்துக்கொண்டார்கள். 1879இல் மிஞ்சிய துண்டுகளைச் சேர்த்துப் புதிய பட்டுக்கொடி ஒன்றில் தைத்து ஹார்ட்ஃபர்டில் ஊர்வலம் போனார்கள். ஓட்டமும் சரணும் பின்னுக்குப் போயின, கொடி முன்னுக்கு வந்தது. முன்னாள் வீரர்கள் தங்கள் கதையை எப்படித் திருத்திக்கொண்டார்கள் என்பதைக் கோர்டன் பரிவோடும் விட்டுக்கொடுக்காமலும் காட்டுகிறார்.

விருப்பமும் வற்புறுத்தலும்

வடக்கின் படையில் கறுப்பின வீரர்கள் சுமார் 1,79,000 பேர். அவர்களைக் கொண்ட 54ஆம் மாசசூசெட்ஸ் ரெஜிமென்ட், வெள்ளையருக்கு இணையான ஊதியம் என்ற வாக்கை நம்பிச் சேர்ந்தது. வெள்ளைச் சிப்பாய்க்கு மாதம் 13 டாலர். அவர்களுக்கு நீட்டப்பட்டது 10 டாலர், அதிலும் உடைக்கு 3 டாலர் பிடித்தம். சம்பளமே வேண்டாம் என்றார்கள். வித்தியாசத்தைத் தானே தருவதாக மாநில அரசு சொன்னபோது அதையும் மறுத்தார்கள். 1864 ஜூனில்தான் நாடாளுமன்றம் ஊதியத்தைச் சமமாக்கியது. மறுபுறம், 1862 மே மாதம் தென் கரோலினாக் கரையோரத்தில் வடக்கின் ஜெனரல் டேவிட் ஹன்டர், விடுதலை பெற்ற ஆண்களைத் தோட்டங்களிலிருந்து பலவந்தமாகப் படைக்குக் கூட்டிப்போனார். இருவகையினரையும் ஒரே பட்டியலில் தன்னார்வலர் என எழுதுவது பாதி உண்மைதான்.

எழுதப் படிக்கத் தெரியாத பல கறுப்பின வீரர்களும் அவர்களின் விதவைகளும் ஓய்வூதியத்துக்காகக் கொடுத்த வாக்குமூலங்கள் வாஷிங்டனில் உள்ள தேசிய ஆவணக் காப்பகத்தில் கட்டுக்கட்டாக இருக்கின்றன. திருமணம், வாடகை, கடன், நோய் என்று ஒரு குடும்பத்தின் முழுக் கணக்கும் அவற்றில் உண்டு. ஹோலி பின்ஹெய்ரோ 2022இல் பிலடெல்பியாவின் கறுப்பினக் குடும்பங்களைப் பற்றி எழுதிய நூல், இந்தக் கோப்புகளிலிருந்து எவ்வளவு எடுக்க முடியும் என்பதைக் காட்டியிருக்கிறது. போருக்குப் போனவனின் மனத்தைக் கடிதங்கள் போதுமான அளவு சொல்லிவிட்டன. அவன் போனதற்கு வீடு கொடுத்த விலையை ஓய்வூதியக் கோப்புகளே சொல்லும். இந்தத் துறையின் அடுத்த நல்ல நூல்கள் அங்கிருந்துதான் வர வேண்டும்.