மைக்கேல் பால்ஹவுஸ்: சுற்றிவரும் கேமரா

மைக்கேல் பால்ஹவுஸ் (1935–2017) ஜெர்மானியத் திரைப்பட ஒளிப்பதிவாளர். பெர்லினில் பிறந்தவர். ஜெர்மனியில் ரைனர் வெர்னர் ஃபாஸ்பிண்டருடனும் அமெரிக்காவில் மார்ட்டின் ஸ்கோர்செசியுடனும் பணியாற்றியவர். நடிகர்களை வட்டமாகச் சுற்றிவரும் கேமரா இவருடைய அடையாளமாகக் கருதப்படுகிறது. அது வெறும் உத்தியா, கதையோடு சேர்ந்த பார்வையா என்பதே இவருடைய படங்களை மதிப்பிடும்போது எழும் முதன்மையான கேள்வி.

தொடக்கம்

பால்ஹவுஸின் பெற்றோர் நாடக நடிகர்கள். 1955-ல் மாக்ஸ் ஒஃபூல்ஸ் இயக்கிய 'லோலா மோண்டேஸ்' படப்பிடிப்பை நேரில் பார்த்தது இவரை ஒளிப்பதிவின் பக்கம் திருப்பியது. ஓயாது நகரும் கேமராவுக்குப் பெயர்பெற்றவர் ஒஃபூல்ஸ். பால்ஹவுஸ் தொழில் பழகியது தொலைக்காட்சியில்.

ஃபாஸ்பிண்டருடன்

'வைட்டி' (1971) முதல் 'மரியா பிரவுனின் திருமணம்' (1979) வரை பத்துக்கும் மேற்பட்ட படங்களில் இருவரும் இணைந்தனர். பணமும் நாளும் குறைவு, வேகம் கட்டாயம். 'பெட்ரா ஃபான் கான்டின் கசந்த கண்ணீர்' (1972) ஒரே வீட்டுக்குள் நடக்கும் படம். கேமராவின் இடத்தை மாற்றி மாற்றியே அதில் உறவுகளின் ஏற்றத்தாழ்வைக் காட்டினார்.

'மார்த்தா' (1974) படத்தில்தான் அந்தப் புகழ்பெற்ற வட்டம் வருகிறது. ரோம் நகரில் மார்த்தாவும் அவளுடைய வருங்காலக் கணவனும் முதன்முதலாக எதிர்ப்படுகின்றனர். இருவரும் திரும்ப, கேமராவும் அவர்களைச் சுற்றி முழு வட்டம் வருகிறது. முதலில் அது காதலின் கிறக்கமாகத் தோன்றும். கணவனின் கொடுமையால் வதைபட்டு, இறுதியில் அவள் சக்கர நாற்காலியில் முடங்கும்போதுதான், முதல் சந்திப்பிலேயே வளையம் விழுந்துவிட்டது என்பது புரிகிறது.

அமெரிக்காவில்

குறைந்த செலவில் விரைந்து படமாக்கும் திறமை ஸ்கோர்செசிக்குத் தேவைப்பட்டது. 'ஆஃப்டர் ஹவர்ஸ்' (1985) தொடங்கி 'தி டிபார்ட்டட்' (2006) வரை ஏழு படங்களில் சேர்ந்து பணியாற்றினர். 'தி ஃபேபுலஸ் பேக்கர் பாய்ஸ்' (1989) படத்தில் பியானோவின் மேல் பாடும் பெண்ணைக் கேமரா சுற்றிவருகிறது. இங்கே வட்டம் பொறி அல்ல, ஈர்ப்பு.

'குட்ஃபெல்லாஸ்' (1990) படத்தின் இரவு விடுதிக் காட்சியையும் மார்த்தாவோடு வைத்துப் பார்க்கலாம். நாயகன் காதலியைப் பின்வாசல், சமையற்கட்டு வழியாக அழைத்துச் செல்கிறான். வெட்டில்லாத ஒரே ஓட்டத்தில் மேசை வரை போகும் கேமரா, அவளுடைய பிரமிப்பை நமக்கும் தொற்றவைக்கிறது. குற்ற உலகுக்குள் அவள் நுழைவது அப்படித்தான். கேமராவைச் சுமந்து நடந்தவர் லாரி மெக்கான்கி. பாராட்டில் அவருக்கும் பங்குண்டு.

இவருடைய எல்லா அமெரிக்கப் படங்களும் இந்தத் தரத்தில் இல்லை. 'வைல்ட் வைல்ட் வெஸ்ட்' (1999) போன்றவற்றில் பிரம்மாண்டம் இருக்கிறது. கேமரா நகர்வதற்கான காரணம் கதையில் இல்லை.

இறுதிக்காலம்

கிளாக்கோமா நோயால் பார்வை மங்கிய நிலையில் 2014-ல் தன்வரலாற்றை வெளியிட்டார். 2016-ல் பெர்லின் திரைப்பட விழா மதிப்புறு தங்கக் கரடி விருதளித்தது. 2017 ஏப்ரலில் பெர்லினில் மறைந்தார்.

மதிப்பீடு

மூன்று முறை ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டும் பால்ஹவுஸுக்கு அவ்விருது கிடைக்கவில்லை. அதனால் இவருடைய இடம் குறையவில்லை. மார்த்தாவின் வட்டத்தையும் பியானோவைச் சுற்றிய வட்டத்தையும் அடுத்தடுத்துப் பார்க்கும் மாணவருக்கு ஒன்று விளங்கும்: கேமராவின் அசைவுக்குத் தனியாகப் பொருள் இல்லை. யாரைச் சுற்றுகிறது, அவருக்கு என்ன நேரப்போகிறது என்பதே அதற்குப் பொருள் தருகிறது. பால்ஹவுஸின் சிறந்த படங்கள் இதை அறிந்து எடுக்கப்பட்டவை.