காமன் பொட்டலிலிருந்து மேடைக்கு

அண்மைக் காலமாக மலையக மக்களின் கலைகளைப் பற்றிப் பேசுவது ஒரு வழக்கமாகிவிட்டது. பாடசாலை விழாக்களிலும் கலாசாரக் கூட்டங்களிலும் தப்பு முழங்குகிறது. காமனும் ரதியும் பத்து நிமிடம் ஆடிவிட்டுத் திரைக்குப் பின்னால் போகிறார்கள். அவையோர் கைதட்டுகின்றனர். பாரம்பரியம் பாதுகாக்கப்பட்டுவிட்டதாகத் தலைமையுரையில் கூறப்படுகிறது. இந்த மாற்றத்தை மகிழ்ச்சியோடு வரவேற்க வேண்டியவர்களே நாம். இக்கலைகளை லயத்துச் சத்தம் என்று இகழ்ந்த காலம் ஒன்று இருந்தது; அது போய்விட்டதென்றால் நல்லதே. ஆயினும், பாதுகாக்கப்பட்டது எது, கைவிடப்பட்டது எது என்று கேளாமல் கைதட்டிக்கொண்டிருப்பது விமரிசனம் ஆகாது.

முதலில் காமன் கூத்து என்பது என்ன என்பதைத் தெளிவாக்கிக்கொள்வோம். நுவரெலியா, அட்டன், தலவாக்கலை, பொகவந்தலாவைப் பகுதித் தோட்டங்களில் மாசி மாதத்தில் நிகழும் கூத்து இது. அமாவாசை கழிந்து வளர்பிறையில் காமன் பொட்டலில் கம்பம் ஊன்றுவதோடு தொடங்கிப் பௌர்ணமியை ஒட்டிக் காமனை எரிப்பதில் உச்சமடைகிறது. மன்மதனாகவும் ரதியாகவும் வேடம் புனைவோர் காப்புக் கட்டி விரதம் காக்கின்றனர். எரியும் நாளில் விடியும்வரை கூத்து நடக்கும். பொட்டலில் கூடுவோர் வெறும் பார்வையாளர் அல்லர். அவர்களுள் ஒருவன் வேடக்காரனின் தம்பி. ஒருத்தி அவனுக்குச் சேலை இரவல் கொடுத்தவள். ஆடுவோரையும் பார்ப்போரையும் பிரிக்கும் திரை அங்கு இல்லை.

கதை நாமறிந்ததே. தேவர்களுக்குத் துன்பம் வருகிறது. சிவனின் தவம் கலைந்தாலன்றி அத்துன்பம் தீராது. தவத்தைக் கலைக்க மன்மதனுக்கு மேலிடத்து ஓலை வருகிறது. தூதன் ஓலையைக் கொண்டுவருகிறான். போகவேண்டாம் என்று ரதி தடுக்கிறாள்; தீய கனாக் கண்டதாகச் சொல்லி மன்றாடுகிறாள். அவன் போகிறான். நெற்றிக்கண் திறக்கிறது. ரதியின் ஒப்பாரி மலையில் எதிரொலிக்கிறது. பின்னர் அவன் உயிர் பெறுகிறான். ஆனால் உருவம் அவனுக்குத் திரும்பக் கிடைப்பதில்லை.

இது ஒரு புராணக் கதை, அதற்கு மேல் இதில் ஒன்றுமில்லை என்று நம்மவருட் சிலர் ஒரு காலத்தில் ஒதுக்கினர். பகுத்தறிவு பேசியோர் இதனை மூடநம்பிக்கை என்றனர். கட்சி வேலையில் ஈடுபட்டோர், வர்க்கப் போராட்டத்துக்கு இது உதவாது என்றனர். இவ்விரு சாராரும் கதையின் பெயர்களைப் பார்த்தனரேயன்றி அதன் நடப்பைப் பார்க்கவில்லை. மேலே இருப்பவன் ஏவுகிறான். இடையில் ஒருவன் ஓலை கொண்டுவருகிறான். மனைவி தடுத்தும் கணவன் போகிறான். ஏவிய இந்திரன் அரியணையில் இருக்க, ஏவப்பட்டவன் சாம்பலாகிறான். தமிழகத்துக் கிராமத்துக்குக் கங்காணி துண்டோடு வந்து ஆள் பிடித்துச்சென்ற காலத்தைக் கடந்து வந்த மக்கள், ஆண்டுதோறும் விடியவிடிய விழித்திருந்து பார்க்க இந்தக் கதையில் ஏதும் இல்லையென்றா சொல்வது?

கூத்தர்கள் இப்படிப் பொருள் சொல்லி ஆடுவதாக நாம் கூறவில்லை. அவர்களுக்கு இது நேர்த்திக்கடன். மழைக்கும் பிள்ளைப் பேற்றுக்கும் வேண்டிச் செய்யும் சடங்கு. ஆனால் ஒரு கலை, அதனை ஆடுவோர் வாய்விட்டுச் சொல்லாததையும் தனக்குள் வைத்திருக்கும். 1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டம் இம்மக்களுள் மிகப் பெரும்பாலோரை நாடற்றவராக்கியது. கொழுந்து பறிக்கக் கை இருந்தது. சட்டத்தின் கண்ணில் ஆள் இல்லை. 1964ஆம் ஆண்டின் சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் எனப் பங்கிட்டது. எஞ்சிய 1,50,000 பேரை 1974இல் இரு அரசுகளும் பாதிபாதியாகப் பிரித்துக்கொண்டன. எஞ்சியிருந்த நாடற்றவர் சிக்கலைத் தீர்க்கும் சட்டம் வர 2003 வரை காத்திருக்க நேர்ந்தது. உயிரோடிருந்தும் உருவம் மறுக்கப்பட்ட மன்மதனின் கதையை அத்தனை ஆண்டுகளும் இம்மக்கள் ஆடிக்கொண்டே இருந்தார்கள் என்பதை விமரிசகன் மறக்கலாகாது. தலைமன்னாரில் கப்பலேறியவர்களுள் கூத்தரும் தப்படிப்போரும் இருந்தனர் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை. ஒரு லயத்தில் காமனும் அடுத்த நாட்டில் ரதியும் என்று கூத்தே பங்கிடப்பட்டது.

இத்தகைய கலையை மேடைக்குக் கொண்டுபோகும்போது என்ன நேர்கிறது? இதற்கு விடை தேட நாம் சற்றுத் தொலைவு போவோம். மெக்சிக்கோ நாடு நமக்கு ஒரு நல்ல பாடம்.

1910ஆம் ஆண்டு தொடங்கிய புரட்சிக்குப் பின்னர் அந்நாட்டில் மக்கட் கலைகளுக்கு ஒரு புதிய மதிப்பு வந்தது. 1921 முதல் 1924 வரை கல்வி அமைச்சராயிருந்த ஹோசே வாஸ்கொன்செலோஸ் ஆசிரியர்களைக் கிராமங்களுக்கு அனுப்பினார். ‘ஹராபே தபாத்தியோ’ என்ற நடனம் பள்ளிதோறும் கற்பிக்கப்பட்டுத் தேசிய நடனம் ஆயிற்று. 1952இல் அமாலியா எர்னாந்தெஸ் என்ற அம்மையார் ஒரு நடனக் குழுவை நிறுவினார். பல வட்டாரங்களின் ஆட்டங்களைத் தொகுத்து, பாலே பயிற்சியோடு இணைத்து, ஒளியும் உடையும் சேர்த்து அவர் அமைத்த நிகழ்ச்சிகள் உலகத்தைச் சுற்றிவந்தன. அதன் பெருமையை நாம் குறைத்துப் பேசவில்லை. தன் நாட்டு உழவனின் ஆட்டம் தலைநகரின் மாளிகை அரங்கில் ஏறுவது சிறிய செய்தியன்று. ஆனால் அரங்குக்கு ஏற்ப அவ்வாட்டங்கள் வரிசைப்படுத்தப்பட்டன. தன் ஊரில் தானே பாட்டுக்கட்டி ஆடியவன், அரங்கில் தன் ஆட்டத்தை வேறொருவர் ஆடக் காணும் நிலை வந்தது.

வெராகுருஸ் மாநிலத்தின் ‘சோன் ஹரோச்சோ’ இசை இதற்குத் தக்க சான்று. ஸ்பானியர், பழங்குடியினர், அடிமைகளாகக் கொண்டுவரப்பட்ட ஆபிரிக்கர் ஆகிய மூவரின் கலப்பில் பிறந்த இசை அது. ‘பாந்தாங்கோ’ எனப்படும் இரவுக் கூடலில் மரப்பலகை மேடை ஒன்றைத் தரையில் இடுவார்கள். அதன்மேல் ஏறி ஆடுவோரின் காலடியே முழவு. சுற்றி நிற்போர் நரம்புக் கருவிகளை மீட்டி, ஒருவர் பாட மற்றவர் எதிர்ப்பாட்டுக் கட்டுவார். பாதிரிமாரை எள்ளி நகையாடியதற்காக ‘சூச்சும்பே’ என்ற பாட்டையும் ஆட்டத்தையும் 1766இல் சமய விசாரணை மன்றம் தடைசெய்தது. அத்தடையைத் தாண்டி வாழ்ந்த இம்மரபு, இருபதாம் நூற்றாண்டில் திரைப்படத்திலும் உல்லாச விடுதியிலும் வெள்ளுடை அணிந்த சுற்றுலாக் காட்சியாகச் சுருங்கியது. இதனைக் கண்டு வருந்திய இளம் இசைஞர்கள் 1970களின் பிற்பகுதியில் கிராமங்களுக்குத் திரும்பினர். 1977இல் தோன்றிய ‘மோனோ பிளாங்கோ’ குழு அவர்களுள் முன்னோடி. அவர்கள் மேடையை அலங்கரிப்பதோடு நிற்கவில்லை. முதியோரைத் தேடிச் சென்று கற்றனர்; ஊர்ப் பிள்ளைகளுக்குக் கற்பித்தனர்; பலகையை மீண்டும் தெருவில் இட்டனர். இன்று பாந்தாங்கோ உயிரோடிருப்பது இவ்வியக்கத்தால் என்று கூறுவது மிகையாகாது.

ஆக, இரண்டு வழிகள் நம் முன் உள்ளன. ஆட்டத்தை மக்களிடமிருந்து எடுத்து மேடைக்குக் கொடுப்பது ஒன்று. ஆடும் களத்தை மக்களுக்கு மீட்டுக் கொடுப்பது மற்றொன்று. முதலாவது வழியை நம் நாடும் அறியும். பேராதனைப் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர் சு. வித்தியானந்தன் 1962இல் ‘கர்ணன் போர்’, 1964இல் ‘இராவணேசன்’ முதலியவற்றை மேடையேற்றி, மட்டக்களப்பின் கூத்து மரபுக்குக் கற்றோர் அவையில் மதிப்புத் தேடித் தந்தார். அது வரலாற்றுச் சிறப்புமிக்க பணி. எனினும் பேராதனையிலிருந்து அண்ணாந்து பார்த்தால் தெரியும் மலைகளில் ஆடப்பட்ட காமன் கூத்தும், பொன்னர் சங்கரும், அருச்சுனன் தபசும் அப்பெருமுயற்சியில் இடம்பெறவில்லை. அவற்றைத் தேடித் தொகுக்கும் வேலையை மலையகத்தின் மைந்தர்களே செய்ய வேண்டியிருந்தது. 1947இல் தலவாக்கலைத் தொகுதியின் பாராளுமன்ற உறுப்பினராகிய சி.வி. வேலுப்பிள்ளை தோட்டந்தோட்டமாகப் பாடல்களைத் திரட்டினார். சாரல்நாடனும் மாத்தளை வடிவேலனும் அப்பணியைத் தொடர்ந்தனர்.

அருச்சுனன் தபசைப் பற்றி ஒரு சொல். நட்டுவைத்த உயர்ந்த மரத்தில் பாடிக்கொண்டே ஏறி உச்சியில் தவமிருக்கும் அருச்சுனனை நாம் அறிவோம். மெக்சிக்கோவின் பாப்பாந்தலா ஊரில் ஐவர் ஓர் உயர்ந்த கம்பத்தில் ஏறுவர். நால்வர் கயிற்றில் தொங்கிச் சுழன்று இறங்க, ஐந்தாமவன் உச்சியில் நின்று குழலும் சிறு முழவும் வாசிப்பான். அவ்வாட்டத்தை 2009இல் யுனெஸ்கோ மனிதகுலத்தின் மரபுச் செல்வமாகப் பட்டியலிட்டது. நம் அருச்சுனன் அந்தத் துணிவில் எவ்வகையிலும் குறைந்தவன் அல்லன்.

இனித் தப்பைப் பற்றிப் பேசியாக வேண்டும். தோட்டத்தில் இக்கருவிக்கு இரண்டு எசமானர் இருந்தனர். விடியுமுன் தொழிலாளரை எழுப்பிப் பெரட்டுக்களத்துக்கு விரட்டியது தப்பொலி. மலைக் குளிரில் அதைக் கேட்டு எழுந்தவள் பிள்ளையைப் பிள்ளைக் காம்பராவில் விட்டுவிட்டு ஓட வேண்டும். பிந்தினால் அன்றைய பேர் இல்லை. அதே தப்புத்தான் இரவில் காமனை ஆட்டுவித்தது. திருவிழாவிலும் சாவிலும் ஒலித்தது. துரையின் கட்டளையாக ஒலித்த தோலிலிருந்தே தன் மகிழ்ச்சியையும் துயரத்தையும் எழுப்பிக்கொண்டது இந்தச் சமூகம்.

அதே வேளையில் ஓர் உண்மையை நாம் மறைக்கலாகாது. தப்பை அடித்தவர் யார்? சாதியின் பேரால் கடைசி லயத்துக்குத் தள்ளப்பட்டவர். ஒரே பெரட்டில் நின்று, ஒரே கூலி வாங்கிய பாட்டாளி மக்கள், கூத்துக்களத்தில் மட்டும் அவரை ஓரத்தில் நிறுத்தினர். சுரண்டலைப் பற்றிப் பேசும் நாம் இதைப் பேசாதிருந்தால் நம் பேச்சுக்கு மதிப்பில்லை. இன்று மேடையில் தப்பு புகழப்படுகிறது. ஆனால் பல வீடுகளில், தன் பிள்ளை அதைத் தோளில் மாட்டுவதைத் தாய் தந்தையர் விரும்புவதில்லை. தப்படித்த குடும்பத்து இளைஞனே அதைக் கைவிட விரும்புகிறான். அவனை நாம் குறைகூற முடியுமா? கலையோடு இழிவும் சேர்த்துக் கொடுக்கப்பட்டால், இழிவை உதற நினைப்பவன் கலையையும் உதறுவான். எல்லாப் பிள்ளைகளும் ஒரே வரிசையில் நின்று தப்புப் பழகும் நாள் வந்தால்தான் அது மலையகத்தின் பொதுச்சொத்து ஆகும்.

பெண்களின் நிலையும் எண்ணத்தக்கது. தேயிலை மலையில் கொழுந்து பறிப்போர் பெண்கள். தாலாட்டும், கும்மியும், ஒப்பாரியும் அவர்கள் படைத்தவை. ஆனால் கூத்தில் ரதியாக ஆடுபவன் ஆண். கணவனை இழந்தவளின் துயரத்தை, அதை நேரில் அறிந்த பெண்கள் சுற்றியிருந்து கேட்க, ஆண்குரல் பாடுகிறது. 1930களிலேயே கோதண்டராம நடேசய்யரின் துணைவியார் மீனாட்சியம்மை தொழிலாளர் கூட்டங்களில் பாடி மக்களைத் திரட்டினார். பெண்குரல் மேடையேறலாம் என்பதற்கு இதனினும் பழைய சான்று எதற்கு? ரதியைப் பெண் ஆடினால் சடங்கு கெடும் என்போர், அந்த ஒப்பாரி எவரிடமிருந்து வந்தது என்பதைச் சிந்திக்கட்டும்.

இவ்விடத்தில் இன்னொரு முறையீட்டையும் ஆராய்வோம். பைலாவும் சினிமாப் பாட்டும் வந்து கூத்தைக் கெடுத்துவிட்டன என்கிறார்கள் முதியோர். பைலா எங்கிருந்து வந்தது? ஆடுதல் என்னும் பொருள் தரும் போர்த்துக்கேயச் சொல்லின் வழிவந்தது அப்பெயர். போர்த்துக்கேயரோடு வந்த ஆபிரிக்க மக்களின் தாளமும் அதில் கலந்தது. 1940களில் வாலி பஸ்தியன் அதனைச் சிங்கள மக்களின் விருப்பப் பாட்டாக்கினார். ஐபீரியத் தீபகற்பத்திலிருந்தும் ஆபிரிக்காவிலிருந்தும் புறப்பட்ட ஓசைகள் மேற்கே வெராகுருசிலும் கிழக்கே கொழும்பிலும் கரையேறின எனலாம். விசுவநாதன் – ராமமூர்த்தியின் இசையில் ஒலித்த இலத்தீன் அமெரிக்கப் பொங்கோஸ் முழவு இலங்கை வானொலி வழியே லயத்துக் காம்பராக்களுக்குள்ளும் வந்தது. கலப்பு கலையைக் கொல்வதில்லை. சோன் ஹரோச்சோவே கலப்பின் பிள்ளை. கூத்தைக் கொல்வது வேறு. இரவு முழுதும் விழித்தவனுக்கு மறுநாள் பேர் இல்லை என்னும் ஏற்பாடு, பொட்டலைக்கூடத் தமதென்று சொல்ல முடியாத காணியற்ற வாழ்வு, பிழைப்புக்காகக் கொழும்புக் கடைகளுக்கும் வீட்டு வேலைக்கும் பிள்ளைகளை அனுப்பிவிட்ட வெறுமை ஆகியவையே அதைக் கொல்பவை. வேடம் கட்ட இளைஞன் இல்லாத தோட்டத்தில் பைலாவைப் பழித்து என்ன பயன்?

ஆகவே ஆசிரியர்களுக்கும் மாணவர்களுக்கும் நாம் கூற விரும்புவது இதுவே. மேடை வேண்டாம் என்பது நம் கட்சியன்று. பத்து நிமிடக் காமனை ஆட்டுவிக்கும் ஆசிரியர், விடியவிடிய ஆடிய மூத்த கூத்தரை அழைத்து வந்து, அவருக்கு உரிய ஊதியமும் நாற்காலியும் கொடுத்து, அவரிடமே பிள்ளைகளைப் பயிலச் செய்யட்டும். தப்பை எந்தப் பிள்ளை எடுப்பது என்ற கேள்வி வகுப்பறையில் எழாதிருக்கட்டும். ரதியாகச் சிறுமி ஒருத்தி ஆடட்டும். மாசி மாதத்தில் மாணவரை அழைத்துக்கொண்டு பொட்டலுக்குப் போய், குளிரில் கம்பளி போர்த்தி, விடியும்வரை அமர்ந்து பார்க்கட்டும். மேடைக்கு வந்த காமன் மீண்டும் பொட்டலுக்குப் போகும் வழி இதுதான். காணிக்கும் வீட்டுக்கும் நியாயமான கூலிக்கும் நடக்கும் போராட்டத்தையும் இதனையும் வேறுவேறாகக் காண்போர் இரண்டையும் இழப்பர். தன் நிலத்தில் நின்று ஆடுபவனின் காலடி ஓசையே வேறு. அதைக் கேட்க நாம் ஆவலாயிருக்கிறோம்.