சென்ட் செய்பவர்கள் எழுதும்போது

மேண்டி அஃப்டல், கலிஃபோர்னியாவின் பெர்க்லியில் உளவியல் ஆலோசகராக இருந்தவர். ரோலிங் ஸ்டோன்ஸ் இசைக்குழுவின் பிரையன் ஜோன்ஸைப் பற்றி 1982இல் ஒரு வாழ்க்கை வரலாறு எழுதினார். பின்னாளில் ஒரு நாவலுக்குத் திட்டமிட்டார். அதன் நாயகி வாசனைத் திரவியம் செய்கிறவள். தொழிலைத் தெரிந்துகொள்ளப் பழைய நூல்களைத் தேடி வாங்கினார், வகுப்பிலும் சேர்ந்தார். நாவலுக்குப் பதிலாக 2001இல் ‘எசன்ஸ் அண்ட் ஆல்கெமி’ என்ற வாசனை நூல் வந்தது. சொந்தப் பெயரிலேயே சென்ட் செய்து விற்கவும் தொடங்கிவிட்டார்.

எழுத்திலிருந்து சென்ட்டுக்குப் போனவர்கள் குறைவு. சென்ட்டிலிருந்து எழுத்துக்கு வந்தவர்களே அதிகம். இரு தரப்பையும் சேர்த்துப் படித்தால், செய்முறையை எவ்வளவு தூரம் வெளியே சொல்லலாம் என்ற சங்கடம் இக்காலத்தவர் பலரிடமும் தெரிகிறது.

முன்னோர்களுக்கு அந்தச் சங்கடம் இருந்ததாகத் தெரியவில்லை. 6ஆம் நூற்றாண்டின் வராகமிகிரர், பிருகத் சம்ஹிதையில் கந்தயுக்தி எனும் வாசனை செய்யும் கலைக்கு ஓர் அத்தியாயமே ஒதுக்கினார். பதினாறு சரக்குகளை நாலுக்கு நாலு கட்டத்தில் அடுக்கி, எது எத்தனை பங்கு என்பதை எண்களாலேயே சொல்லிவிட்டார். 9ஆம் நூற்றாண்டின் அல்கிந்தி பெயரில் வழங்கும் அரபு நூலில் 107 செய்முறைகள் உள்ளன. லண்டனில் சென்ட் கடை நடத்திய செப்டிமஸ் பீஸ்கூட 1855இல் அளவுகளை அச்சிட்டுக் கொடுத்தார்.

20ஆம் நூற்றாண்டில் புட்டியின்மேல் நிறுவனத்தின் பெயர் ஏறியது, செய்தவர் பெயர் காணாமல் போனது. இதை எதிர்த்து அதிகம் எழுதியவர் பிரெஞ்சு சென்ட் கலைஞர் எட்மோன் ரூட்னிட்ஸ்கா (1905–1996). டியோருக்காக 1956இல் ‘டியோரிசிமோ’வைச் செய்தவர் அவர்தான். அதன் அடிப்படையான லில்லி ஆஃப் த வேலி என்ற பூவைக் காய்ச்சி வடித்தாலும் கரைப்பானில் ஊறவைத்தாலும் தொழிலுக்கு உதவும் தைலம் கிடைப்பதில்லை. அதனால் வீட்டுத் தோட்டத்தில் அந்தச் செடியை வளர்த்து, முகர்ந்து பார்த்து, செயற்கைப் பொருள்கள் உட்பட வேறு பொருள்களைக் கொண்டே அதன் மணத்தைக் கட்டியெழுப்பினார். இவ்வளவு சுவையான வேலை செய்தவரின் எழுத்து, வக்கீல் மனுவைப்போல இறுக்கமானது. சென்ட்டும் கலைப்படைப்பே என்று அழகியல் நூல் எழுதி நிறுவப் பார்த்தார். அது கலைப்படைப்பா என்பதில் சட்டம் இன்னும் குழம்பித்தான் கிடக்கிறது. 2006 ஜூனில் பிரான்ஸின் உச்ச நீதிமன்றம் சென்ட்டுக்குப் பதிப்புரிமை இல்லை என்றது. அதே மாதம் நெதர்லாந்தின் உச்ச நீதிமன்றம், லாங்கோமின் ‘ட்ரெஸோர்’ வழக்கில் உண்டு என்றது.

ரூட்னிட்ஸ்காவுக்குப் பின் வந்த ழான் குளோத் எலெனா வழக்காடவில்லை. பிரான்ஸின் கிராஸில் 1947இல் பிறந்தவர், ஹெர்மேஸ் நிறுவனத்தின் சென்ட்டுகளைப் பல ஆண்டுகள் செய்தவர். 2011இல் வெளியான அவருடைய நாட்குறிப்பு இத்துறை எழுத்துகளிலேயே எனக்கு மிகவும் பிடித்தது. கடைசிப் பகுதியில், இரண்டு மூன்று பொருள்களை மட்டும் சேர்த்து ஒரு பழத்தின் அல்லது பூவின் வாசனையை எப்படி வரவழைப்பது என்று பட்டியலே தருகிறார். ‘தேர் தெர்மேஸ்’ போன்ற விற்பனைச் சரக்கின் முழுச் சூத்திரத்துக்கு அங்கே இடமில்லை. இத்தனைக்கும் போட்டி நிறுவனங்கள் கேஸ் குரோமட்டோகிராஃப் என்ற வாயு நிறப்பிரிகைக் கருவியில் ஏற்றி எந்த சென்ட்டையும் பெருமளவு பிரித்தறிந்துவிடுகின்றன.

அஃப்டலோ எத்தனை சொட்டு என்பதுவரை எழுதுகிறார். ஆனால் செயற்கை வேதிப்பொருள்களைத் தொடுவதில்லை என்பது அவர் கொள்கை. தொழிலுக்குள் அவை வந்ததை இழப்பாகவே பார்க்கிறார். இதை என்னால் ஏற்க முடியவில்லை. அந்தக் கொள்கைப்படி டியோரிசிமோ பிறந்திருக்கவே முடியாது. சரக்கைக் கையில் எடுத்துப் பேசும்போதுதான் அவர் எழுத்து உயர்கிறது. 2014இல் வந்த ‘ஃப்ராக்ரன்ட்’, பட்டை, புதினா, குந்திரிக்கம் (ஃப்ராங்கின்சென்ஸ்), அம்பர்கிரிஸ், மல்லிகை ஆகிய ஐந்தின் கதை. திமிங்கிலத்தின் குடலில் உருவாகும் அம்பர்கிரிஸ் தமிழ்ச் செய்தித்தாள்களில் கடத்தல் வழக்காக மட்டுமே தலைகாட்டும். அவரோ அதன் பழைய வணிகத்துக்குள்ளும் சமையலறைக்குள்ளும் நம்மை அழைத்துப் போகிறார்.

2017இல் அஃப்டல் தன் வீட்டை ஒட்டியே ஒரு சிறு வாசனை அருங்காட்சியகம் திறந்தார். யாரும் கட்டணம் செலுத்திப் பழைய தைலங்களை முகரலாம், பழைய செய்முறை நூல்களைப் பார்க்கலாம். பெரிய நிறுவனத்தில் சம்பளம் வாங்கும் ஒருவர் தன் அலமாரியை இப்படித் திறந்து வைக்க முடியாது. அஃப்டலுக்குப் புட்டியும் சொந்தம், அதன்மேல் உள்ள பெயரும் சொந்தம்.