பேய்மொழியும் மறையெழுத்தும்

மந்திரத்திற்கெனத் தனியே ஒரு மொழியைச் சமைத்துக் கொள்ளுதல் கதாசிரியர் கற்பனைக்கு மட்டும் உரியதன்று. அத்தகைய மொழியை வழக்கில் வைத்திருப்போர் நம் அயலிலேயே உளர். கண்டிச் சிங்களக் கிராமங்களும் தமிழ்த் தொழிலாளர் வாழும் தோட்டங்களும் அருகருகே அமைந்த மாத்தளை மாவட்டத்தில், யட்டவத்தையை அடுத்த தோட்டமொன்றில், ஒரு வீட்டு நிலையின்மேல் அறையப்பட்டிருந்த செப்புத் தகடொன்றைக் காணும் வாய்ப்பு எமக்குக் கிட்டியது. கட்டமிட்டு எழுதியிருந்த எழுத்துகள் சிங்கள எழுத்துகள். எழுதிக் கொடுத்தவர் அயற்கிராமத்துக் கட்டாடியா. உடன்வந்த சிங்கள நண்பர் எழுத்துக் கூட்டி வாசித்தார். பொருள் அவருக்குப் புலப்படவில்லை. எமக்கோ ஓங்காரத்தை அடுத்து இருமுறை வந்த ‘கட்டு’ என்ற சொல் மட்டும் தெளிவாகக் கேட்டது. அவர் எழுத்தறிந்தார், சொல்லறியார்; யாம் சொல்லறிந்தோம், எழுத்தறியோம். வீட்டுக்குரிய மூதாட்டி இரண்டும் அறியாதவர். அதனை எடுத்துரைத்தபோது, “புரிஞ்சிருச்சுன்னா அப்புறம் அதுக்கு ஏதுங்க ஐயா சக்தி?” என்றார்.

இவ்விடையை அறியாமை எனத் தள்ளிவிடுதல் எளிது. ஆயின் ஆய்வுலகம் இதே வினாவிற் பலகாலம் நின்றுள்ளது. இலங்கைப் பல்கலைக்கழகத்திற் பயின்று மானிடவியலாளராய்ப் புகழ்பெற்ற ஸ்ரான்லி ஜெயராஜ தம்பையா, 1968இல் வெளியிட்ட ‘சொற்களின் மந்திர ஆற்றல்’ என்னும் ஆங்கிலக் கட்டுரையில், சிங்களப் பேயோட்டுச் சடங்கின் மந்திரங்களை ஆராய்ந்தார். வடமொழி, பாளி, பழஞ்சிங்களம், தமிழ், மலையாளம், தெலுங்கு ஆகியவற்றோடு வங்காளமும் பாரசீகமும் கூட அவற்றிற் கலந்துள்ளன என்றும், இக்கலவையே ‘பேய்மொழி’ எனப்படுவது என்றும் அவர் காட்டினார். எவருக்கும் தாய்மொழியல்லாத இது யக்கருக்கு விளங்கும் என்பது நம்பிக்கை.

தம்பையாவின் சிறப்பு இக்கலவையை உளறல் எனக் கொள்ளாமையே. சடங்கில் மந்திரம் தனித்து நிற்பதில்லை. நோயாளி யார், வேண்டுவது யாது என்பதை எடுத்துரைக்கும் ‘கன்னலவ்வ’ என்னும் விண்ணப்பமும், தெய்வங்கள் பேய்கள் ஆகியோரின் வரலாறு கூறும் ‘கவிய’ என்னும் செய்யுளும் கேட்போர்க்கு நன்கு விளங்கும் சிங்களத்தில் அமைவன. விளங்காமை ஒரு பகுதிக்கு மட்டும் உரியது. விளங்குவன அதனைச் சூழ்ந்து நின்று அதற்குப் பொருள் தருகின்றன.

தமிழ் வாசகர் இம்மந்திரங்களை அணுகும் முறை இரண்டு. தமிழ்ச்சொல் சிதைந்து கிடக்கின்றதே என நகைப்பது ஒன்று. தமிழ்ச்சொல் இத்தனை உள எனக் கணக்கிட்டுப் பெருமிதங் கொள்வது மற்றொன்று. இரண்டும் திறனாய்வாகா. நம் சொல் பேய்மொழியில் இடம்பெற்றமை இழிவெனக் கருதுவோர், மாந்திரீகம் என்றதும் நாம் மலையாளத்தை நினைப்பது ஏன் என்று தம்மையே வினவிக் கொள்ளுதல் வேண்டும். முற்றிலும் அறியாத மொழியன்று, அரைகுறையாகக் காதில் விழும் அயலான் மொழியே மந்திரமாகின்றது. தொல்காப்பியரும் மந்திரத்தை மறைமொழி எனச் செய்யுளியலில் வகுக்குமிடத்து, நிறைமொழி மாந்தரின் ஆணையை முன்வைத்தனர். கேட்போர்க்கு விளங்குதல் ஆண்டு நிபந்தனையாகக் கூறப்படவில்லை.

ஆயினும் தம்பையாவின் நோக்கு ஒலிக்கும் சொல்லிலேயே நின்றுவிட்டது என்பது எம் குறை. தகட்டில் எழுதப்படுவது ஓதப்படுவதிலிருந்து வேறானது. நம் இலக்கணிகளுக்கு எழுத்து முதற்கண் ஒலி. வரிவடிவு அதன் குறி. இயந்திரத்திலோ எழுத்து தானே பொருளாகின்றது. திருமந்திரத்தின் நான்காந் தந்திரம் கூறும் திருவம்பலச் சக்கரத்தை நோக்குக. குறுக்கே ஆறும் நெடுக்கே ஆறுமாகக் கோடிட்டால் இருபத்தைந்து அறைகள் வரும். ஐந்தெழுத்தும் அவற்றில் வரிசை மாறி மாறி அமையும். அங்கே பொருள் சொல்லில் இல்லை. எவ்வறையில் எவ்வெழுத்து நிற்கின்றது என்பதில் உள்ளது. சுருட்டித் தாயத்துக் குழலில் அடைத்துக் கட்டப்படும் தகட்டை எவரும் வாசிப்பதேயில்லை. வாசிக்கப்படாமலே பயன்படும் எழுத்து அது. இதே மாவட்டத்து அலுவிகாரையில், கி.மு. முதலாம் நூற்றாண்டில், வட்டகாமணி அபயன் காலத்தில், அதுகாறும் வாய்மொழியாய் வந்த பௌத்த மறைகள் ஏட்டில் எழுதப்பட்டன என்பது மரபு. அங்கே எழுத்து சொல்லைக் காத்தது. தகட்டிலோ எழுத்து சொல்லை மறைக்கின்றது.

இனிப் புனைமொழிகளுக்கு வருவோம். டோல்கீன் 1954இல் வெளியிடத் தொடங்கிய ‘மோதிரங்களின் தலைவன்’ நெடுங்கதையில், தீயிலிட்ட பின்னரே மோதிரத்தில் எழுத்துகள் தோன்றும். எழுத்து எல்வர் என்னும் நல்லோருடையது, மொழி பகைவனுடையது. தகட்டை நினைவூட்டும் அழகிய அமைப்பு இது. தமிழர் ஆக்கிய புனைமொழியாக நாம் அறிவது, 2015இல் வெளிவந்த ‘பாகுபலி’ திரைப்படத்திற்கென மதன் கார்க்கி இயற்றிய கிளிக்கி. 2020இல் அதற்கு எழுத்து வடிவமும் வெளியிடப்பட்டது. இலக்கணம் வகுத்துச் செய்த உழைப்பு பாராட்டற்குரியது. ஆனால் படத்தில் அது காலகேயர் என்னும் கொடியோர் வாயில் வைக்கப்பட்டது. திரைமுன் இருப்போர் அதன் முரட்டொலியைக் கேட்டு அஞ்சினாற் போதும். அம்மொழியில் மறுமொழி கூற வேண்டிய கடமை அவர்க்கில்லை.

கட்டாடியாவின் நிலை வேறு. அவன் பேயின் மொழியை ஒட்டுக்கேட்பவன் அல்லன், அதில் பேசுபவன். அழைக்கவும், படையலிட்டு உடன்படுத்தவும், கட்டவும், போகவிடவும் அம்மொழி அவனுக்கு வேண்டும். பகைமொழியாயினும் உரையாடும் மொழி அது. இவ்வேறுபாட்டைப் புனைமொழி பற்றி எழுதுவோர் காணாமை வியப்பே. ஒலியின் கடுமையை அளந்து, எழுத்தின் வளைவை வியந்து அமைகின்றனர். அம்மொழியில் யார் யாரோடு பேசுகின்றார் என்று கேட்பதில்லை.

இக்கேள்வி ஏட்டளவில் நிற்பதன்று. 1956ஆம் ஆண்டு அரசகரும மொழிச் சட்டத்தின் பின், தோட்டத்து மக்கள் பலர் கைக்கு வந்த அரசகருமக் கடிதங்களும் அவர்க்கு விளங்கா எழுத்தாகவே இருந்தன. தமிழும் அரசகரும மொழி என்பது 1987இற்றான் அரசியலமைப்பில் ஏறியது. அக்கடிதங்களைச் சூழ விளங்கும் விண்ணப்பம் எதுவும் இருந்ததில்லை. கன்னலவ்வ இல்லாத மந்திரம் அது. யட்டவத்த மூதாட்டி தகட்டோடு ஒரு பழங்கடித உறையையும் எமக்குக் காட்டினார். தகட்டை வாசிக்குமாறு அவர் கேட்கவில்லை. கடிதத்தைத்தான் வாசிக்கச் சொன்னார்.