சிறில் கொனலியும் மதிப்புரைத் தொழிலும்

பத்திரிகை மதிப்புரையால் புகழெய்திய ஆங்கில எழுத்தாளருள் சிறில் கொனலி (1903–1974) ஒருவர். அத்தொழிலை அவரளவு பழித்தவரும் அரியர். மகத்தான நூலொன்றைப் படைத்தலே எழுத்தாளன் கடன் என்பது அவர் கொள்கை. அங்ஙனம் கருதிய அவர் அத்தகைய நூலை எழுதாது, பிறர் நூல்களைப் பற்றி எழுதியே காலங் கழித்தார் என்பது அவர்மேல் வழக்கமாகச் சுமத்தப்படும் குறை. அவரும் அதனை மறுத்தாரல்லர். எனினும் அது முற்றும் ஏற்கத்தக்கதன்று.

ஈட்டன் பாடசாலையிலும் ஒக்ஸ்போர்ட் பேலியல் கல்லூரியிலும் பயின்ற கொனலி, வரலாற்றுப் பாடத்தில் மூன்றாம் வகுப்பிலேயே தேறினார். 1927இல் டெஸ்மண்ட் மக்காத்தியின் ஆதரவில் ‘நியூ ஸ்டேற்ஸ்மன்’ இதழில் மதிப்புரை எழுதத் தொடங்கினார். அவருடைய ஒரே நாவல் 1936இல் பாரிஸ் நகரில் வெளிவந்தது. அதனைப் பெரிதாகப் பேசவேண்டியதில்லை.

பேசவேண்டியது 1938இல் வெளிவந்த ‘எனிமீஸ் ஒவ் புறமிஸ்’ என்னும் நூலே. இளமையில் நம்பிக்கையூட்டும் எழுத்தாளர் பின்னர் வாடிப்போவது ஏன் என்பது அதன் வினா. கிராப் என்னும் பழைய கவிஞர் வருணித்த களைகளை உருவகமாகக் கொண்டு, பயிரை நெருக்கும் பகைகளை அவர் எண்ணிக் காட்டுகிறார். பத்திரிகைத் தொழில் அவற்றுள் ஒன்று. அரசியலும் இல்லறமும் வெற்றியுங்கூடப் பகைகளே. ஆயினும் அந்நூலின் உயிர் இப்பட்டியலில் இல்லை. நடைபற்றிய முதற்பகுதியிலேயே உள்ளது. அலங்காரமும் நீண்ட வாக்கியமும் கொண்ட நடை, பேச்சு வழக்கைத் தழுவிய நடை என இரண்டாகப் பகுத்து, இரண்டின் கேட்டையும் அவர் காட்டினார். பின்னதன் கேட்டை விளக்க அவர் கையாண்ட உத்தி வியக்கத்தக்கது. ஹெமிங்வே, இஷர்வுட், ஓர்வெல் மூவரின் வாக்கியங்களையும் கலந்து ஒரே பந்தியாகத் தொடுத்தார். எது எவருடையது எனப் பிரித்தறிதல் அரிதாயிற்று. ஓர்வெல் அவருடைய பள்ளித் தோழர். நட்பை முன்னிட்டு அவரை விலக்காத நேர்மை கவனிக்கத்தக்கது. இத்தகைய கூரிய செவி ஓரிரு நூல்களை ஆழக் கற்பதால் மட்டும் வாய்ப்பதன்று; நல்லதும் தீயதுமாக எண்ணிறந்த புது நூல்களைத் தவணைக்குள் வாசித்த மதிப்புரைகாரனுக்கே வாய்ப்பது. களை எனப்பட்டதே அவருக்கு எருவாயிற்று.

பத்தாண்டு நிலைக்கத்தக்க நூலொன்றை எழுதவே அவர் முயன்றார். அதுவோ 70 ஆண்டுகள் கழிந்து 2008இலும் மறுபதிப்புப் பெற்றது.

போர்க்காலத்தில் அவர் நடத்திய ‘ஹொறைசன்’ இதழும் இதற்குச் சான்று. அரசியலும் ஆங்கில மொழியும் பற்றிய ஓர்வெல்லின் கட்டுரை 1946இல் அதில் வெளிவந்தது. 1948இல் ஈவ்லின் வோவின் குறுநாவலொன்றுக்கு ஓரிதழ் முழுவதையும் ஒதுக்கினார். ‘ஹொறைசன்’ நின்றபின், 1950களின் தொடக்கம் முதல் இறக்கும்வரை இலண்டன் ‘சண்டே ரைம்ஸ்’ பத்திரிகையில் எழுதினார். அக்கட்டுரைகளில் தற்கூற்று மிகுதி என்பது உண்மை. சிலவிடங்களில் நூல் மறைந்து கொனலியே எஞ்சுகிறார். ஆனால் தம் விருப்பு வெறுப்பை மறைத்து நடுநிலை வேடம் பூணும் மதிப்புரையிலும் இது மேலானது. வாசகன் எவ்வளவு கழித்துக்கொள்ள வேண்டும் என்பதை அவரே உணர்த்திவிடுகிறார்.

1965இல் அவர் வெளியிட்ட ‘த மொடேண் மூவ்மென்ற்’, 1880 முதல் 1950 வரையான 100 நூல்களைத் தெரிந்து காட்டுவது. இங்கிலாந்து, பிரான்ஸ், அமெரிக்கா என்பவற்றோடு அமைந்தமையால் கவ்காவுக்கும் ரில்கேக்கும் அதில் இடமில்லை. இது சிறு குறையன்று. எனினும் நூல் ஒவ்வொன்றுக்கும் அவர் வரைந்த குறிப்புகளின் சுருக்கமும் திட்பமும், பத்திரிகை ஒதுக்கிய இடத்துக்குள் எழுதிப் பழகிய கையினின்றே வந்தவை.