சீதத்தன் மரக்கலமும் தரனது மாயமும்

சீவகசிந்தாமணி 13 இலம்பகங்களும் 3,145 செய்யுட்களும் கொண்டு இயலும் பெருங்காப்பியம் ஆகும். டாக்டர் உ. வே. சாமிநாதையர் அதனை நச்சினார்க்கினியர் உரையுடன் 1887-இல் பதிப்பித்த நாள் தொட்டு, அதன் சொல்வளமும் அணிநலமும் பலராலும் ஆராயப்பட்டு வந்துள்ளன. ஆயின், மூன்றாவதாகிய காந்தருவதத்தையார் இலம்பகத்தில் வரும் சீதத்தனது மரக்கலம் பற்றிய நிகழ்ச்சி, போதிய ஆராய்ச்சி பெற்றிலது. அதனை வெறும் வியப்புச் சுவைக்காகப் புகுத்தப்பட்ட மாயக்கதை என ஒதுக்குதல் எளிது. அங்ஙனம் ஒதுக்குதல் தகுமா என்பதே ஈண்டு ஆராயப்படுவது.

நிகழ்ச்சி வருமாறு: இராசமாபுரத்து வணிகனாகிய சீதத்தன் கடல் கடந்து சென்று பெரும்பொருள் ஈட்டி மீள்கின்றான். இடைவழியில் காற்றும் மழையும் கலத்தைச் சூழ்கின்றன, கலம் உடைகின்றது. கூம்பின் துண்டொன்றைப் பற்றிக் கரையேறிய அவனைத் தரன் என்னும் விச்சாதரன் கண்டு, வெள்ளிமலையிலுள்ள தன் வேந்தனாகிய கலுழவேகனிடம் அழைத்துச் செல்கின்றான். யாழ்ப்போரில் தன்னை வெல்வானுக்கே உரியளாகும் காந்தருவதத்தையை வேந்தன் அவனிடம் ஒப்படைக்கின்றான். கலம் உடைந்தது மெய்யன்று, அரசன் ஏவலால் தரன் செய்த மாயமே என்பது பின்னர் வெளிப்படுகின்றது. கலமும் சரக்கும் மாந்தரும் பழுதின்றி இருப்பதைச் சீதத்தன் காண்கின்றான்.

இந்நிகழ்ச்சியின் இயல்பு புலப்பட வேண்டின், மணிமேகலையில் வரும் சாதுவன் கதையோடு இதனை ஒப்பு நோக்குதல் வேண்டும். சாதுவனும் வணிகன், அவனும் ஒடிந்த மரத்தைப் பற்றியே உயிர் பிழைக்கின்றான், அவனும் வேற்றுலகம் அனைய நாகர் மலையைச் சார்கின்றான். இத்துணை ஒப்புமை இருந்தும் அடிப்படை வேறுபாடு ஒன்று உளது. சாத்தனார் காட்டும் கலக்கேடு மெய்யானது. அதனால் மாண்டவர் மாண்டவரே, அவர் மீளார். திருத்தக்கதேவர் காட்டுவதோ தோற்றமே. ஒருவர் துன்பத்தை மெய்யாக்கி அதன் வழியே அறத்தை விளக்கினார். மற்றவர் துன்பத்தைப் பொய்யாக்கினார். பொய்த்துன்பத்தால் விளக்கப்படும் அறம் வலியுடையதாகுமோ என்னும் வினா இவ்விடத்து எழுகின்றது.

இவ்வினாவிற்கு விடை, புயலிடையே சீதத்தன் கலத்திலுள்ளார்க்குக் கூறும் மொழிகளில் உளது. இடுக்கண் வந்தபோது நடுங்காது நகுதல் வேண்டும் என்றும், அந்நகையே இடுக்கணை அறுக்கும் படைக்கலம் என்றும், இருந்து அழுது உய்ந்தார் எவரும் இலர் என்றும் அவன் தேற்றுகின்றான். திருக்குறளின் இடுக்கணழியாமை அதிகாரக் கருத்து இங்கே ஒரு பாத்திரத்தின் வாய்மொழியாக உயிர் பெறுகின்றது. இதனைக் கூறுங்கால் சீதத்தன் புயலை மாயமென்று அறியான் என்பது நினைவிற் கொள்ளத்தக்கது. அவன் அறிந்த அளவில் கடல் மெய், சாவும் மெய். ஆகவே அவன் உறுதியும் மெய்யே. புயல் பொய்யாயினும் அதனால் வெளிப்பட்ட நெஞ்சுரம் பொய்யாகாது. விச்சாதரன் பொன்னை மறைத்தான். வணிகனது உள்ளத்தை மறைத்திலன். ஒரு மகளின் திருமணப் பொறுப்பை ஏற்கவிருப்பவன் எத்தகையன் என்பதைப் படிப்போர் முன்னரே அறிந்து கொள்ளுதற்கு இப்புயல் துணை செய்கின்றது.

காப்பியத்தின் தொடக்கத்தில் வரும் மயிற்பொறியையும் இதனோடு வைத்து எண்ணுதல் நலம். அம்மயில் மாயத்தாலன்றித் தொழில் வல்லான் கைத்திறத்தால் அமைந்தது. வலமாகத் திரிப்ப எழுவதும் இடமாகத் திரிப்ப இழிவதுமாகிய அதன் இயக்கமுறையும் கூறப்படுகின்றது. எனினும் அது விசயையைச் சுடுகாட்டிற் கொண்டு இறக்குகின்றது. அவள் கணவனை இழந்ததும் நாட்டை இழந்ததும் மெய். ஆக, மாயமற்ற ஊர்தி மெய்த்துன்பத்தைச் சுமக்கின்றது; இயல்பான மரக்கலம் மாயத்துன்பத்தைச் சுமக்கின்றது. முன்னது சீவகனை இவ்வுலகிற்குக் கொணர்கின்றது. பின்னது அவன் மனைவியாவாளைக் கொணர்தற்கு வழி வகுக்கின்றது. காப்பியக் கட்டுக்கோப்பில் இவ்விரண்டும் ஒன்றற்கொன்று எதிர்நிலையாக நிற்கின்றன எனலாம்.

இனி, செல்வம் நிலையாது என்னும் சமணக் கோட்பாட்டிற்கு, இழந்த பொருள் மீளக் கிடைப்பது முரணன்றோ எனின், அன்று. இல்லறத்தார்க்கும் துறவிகட்கும் சமணம் வெவ்வேறு நெறி வகுத்தது. காட்பாடிப் பகுதியிலுள்ள வள்ளிமலையில் கங்க மன்னன் இராசமல்லன் சமணக் குகைக்கோயில் எடுப்பித்ததைக் கல்வெட்டு உணர்த்துகின்றது. அங்குள்ள படிமங்களுள் ஒன்றனைச் செய்வித்தோனாக அச்சணந்தி குறிக்கப்படுகின்றான். அரசன் பொருளும் முனிவன் தவமும் ஒரே பாறையில் கூடி நிற்றற்கு அது சான்று. பொருளை அறவே வெறுத்த சமயமாயின் அக்குகைக்கோயில் தோன்றியிராது. சீதத்தன் இல்லறத்தான், அவனுக்குப் பொருள் மீள்வது பொருந்தும். பொருளைத் தானே துறக்கும் நிலை முத்தி இலம்பகத்துச் சீவகனுக்கு உரியது. கடலில் இழந்து பெற்றவன் சீதத்தன். பெற்றனவற்றையெல்லாம் அறிந்தே விடுத்தவன் சீவகன்.

எனினும் குறையொன்று கூறாது விடுதல் நடுவுநிலை ஆகாது. ஒருவனை அழைத்து வருதற்பொருட்டு அவனையும் அவன் கலத்தாரையும் சாவச்சத்துள் ஆழ்த்துதல் முறையோ என்பதற்குக் காப்பியம் விடை கூறிற்றிலது. கலத்தோர் பழுதின்றி இருந்தனர் எனக் காட்டுவதோடு கதை மேற்செல்கின்றது. அவர்தம் அச்சம் மாயமன்று. அதனை ஈடு செய்வார் யாருமிலர். சாத்தனார் கலக்கேட்டினைக் கூறுமிடத்து மாண்டாரை நாம் மறப்பதில்லை. தேவரோ, யாவரும் பிழைத்தமையால், அவரை நம் நினைவினின்றும் நீக்கி விடுகின்றார். மாயத்தின் பெருந்தீங்கு இதுவேயாகும். பொருளிழப்பை மீட்கவல்ல தரனது விஞ்சை, பட்ட துயரைப் படாததாக்க வல்லதன்று.

இக்குறை இருப்பினும், சீதத்தன் கலம் புறத்தே ஒட்டிய கதையன்று என்பது தெளிவு. அதனை நீக்கின் காந்தருவதத்தை இராசமாபுரத்திற்கு வரும் வழியும், இடுக்கணில் நகும் ஒரு வணிகனின் உள்ளமும் ஒருங்கே மறைந்துவிடும். காப்பியங்களில் வரும் மாயங்களை ஆராய்வோர், அவை நம்பத்தக்கனவா என்று வினவுவதினும், அவற்றால் மாந்தர் உள்ளத்தில் மெய்யாக வெளிப்படுவது யாது என்று வினவுதல் பயன் தரும்.